அர்ச்சகரை இடம் மாற்ற யாருக்கு அதிகாரம்? பணியிட மாறுதல் வழக்குகளின் சட்டப் பின்னணி

கோயில் அர்ச்சகர் அரசு ஊழியர் அல்லர். அவருடைய சம்பளம் கருவூலத்திலிருந்து வருவதில்லை. அவர் பூசை செய்யும் கோயிலின் வருமானத்திலிருந்து வருகிறது. அரசியலமைப்புச் சட்டத்தின் 311-ஆவது பிரிவு அரசுப் பணியாளருக்குத் தரும் பாதுகாப்பும் அவருக்குக் கிடையாது. ஆனாலும் தமிழ்நாட்டில் இந்து சமய அறநிலையத் துறையின் மேற்பார்வையிலுள்ள கோயில்களில் ஓர் அர்ச்சகரை வேறு கோயிலுக்கு மாற்றும்போது, வட்டாட்சியர் அலுவலக உதவியாளருக்கு வரும் ஆணையின் அதே நடையில், "நிர்வாக நலன் கருதி" என்ற அதே மூன்று சொற்களோடு ஆணை வந்து சேர்கிறது. அதை எதிர்த்துச் சென்னை உயர் நீதிமன்றத்திலோ மதுரைக் கிளையிலோ ரிட் மனு போடும்போது பெரும்பாலும் முதலில் எடுக்கப்படுவது, கோயில் வழிபாட்டு முறைகளை வகுக்கும் ஆகம நூல்களை வைத்துச் செய்யும் ஆகம வாதம். ஆகமம் முக்கியம்தான், அதைப் பற்றிக் கீழே விரிவாகப் பார்க்கலாம். ஆனால் அதற்கும் முன்னால் கேட்டுத் தீர வேண்டிய கேள்வி ஒன்று இருக்கிறது: இந்த அர்ச்சகர் யாருடைய ஊழியர்?

இதற்கான விடையின் பெரும்பகுதி, 1972 மார்ச் 14 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு வழங்கிய சேஷம்மாள் தீர்ப்பில் கிடைக்கிறது. 1959-ஆம் ஆண்டின் இந்து சமய அறநிலையக் கொடைகள் சட்டத்தில் 55-ஆவது பிரிவு, கோயில் பணியிடம் காலியானால் அதை நிரப்பும் பொறுப்பை அறங்காவலரிடம் தந்தது. ஆனால் பரம்பரைப் பணியிடங்களில் அடுத்த வாரிசுக்கே உரிமை என்றும் சொல்லியிருந்தது. தீண்டாமை பற்றி ஆராய்ந்த இளையபெருமாள் குழுவின் பரிந்துரைக்குப் பிறகு, மு. கருணாநிதி முதலமைச்சராக இருந்த காலத்தில் கொண்டுவரப்பட்ட திருத்தம் அந்த வாரிசுரிமையை எடுத்துவிட்டது. 1971 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த அந்தத் திருத்தத்தை எதிர்த்து அர்ச்சகர்களும் மடாதிபதிகளும் 12 மனுக்கள் போட்டார்கள். உச்ச நீதிமன்றம் திருத்தத்தை ஏற்றுக்கொண்டது. அர்ச்சகர் மடாதிபதியைப் போன்ற ஆன்மிகத் தலைவர் அல்லர், கோயிலின் ஊழியர், அறங்காவலரின் ஒழுங்கு நடவடிக்கைக்கு உட்பட்டவர், ஆகவே அவரை நியமிப்பது சமயச் சடங்கன்று, உலகியல் சார்ந்த நிர்வாகச் செயலே என்பது அந்தத் தீர்ப்பின் அடிப்படை. பரம்பரை அர்ச்சகரும்கூட அறங்காவலரின் கட்டுப்பாட்டுக்கு வெளியே நிற்பவர் அல்லர் என்று சென்னை உயர் நீதிமன்றம் 1912-இலேயே சொல்லியிருந்ததையும் அது துணைக்கு எடுத்துக்கொண்டது.

இந்தத் தீர்ப்பை அறநிலையத் துறை பணியிட மாறுதல் வழக்குகளில் தனக்குச் சாதகமாகவே படிக்கிறது. அர்ச்சகர் ஊழியர்தானே, ஊழியரை இடம் மாற்றுவது நிர்வாகத்தின் அன்றாட வேலைதானே என்பது அதன் வாதம். ஆனால் ஊழியர் என்ற சொல்லை ஏற்றுக்கொண்டால் அந்தச் சொல்லோடு வரும் மறுபாதியையும் ஏற்றுக்கொள்ள வேண்டும். ஊழியர் என்றால் அவருக்குக் குறிப்பிட்ட ஓர் எசமானர் உண்டு. சேஷம்மாள் தீர்ப்பு அர்ச்சகரை அரசின் ஊழியர் என்றோ அறநிலையத் துறையின் ஊழியர் என்றோ சொல்லவில்லை. அந்தந்தக் கோயிலின், அந்தந்த அறங்காவலருக்குக் கட்டுப்பட்ட ஊழியர் என்றுதான் சொன்னது. 55-ஆவது பிரிவும் அதையே சொல்கிறது: நியமிப்பவர் அந்தச் சமய நிறுவனத்தின் அறங்காவலர்.

இது வெறும் சொல் விளையாட்டன்று. இந்தியச் சட்டத்தில் கோயில் மூர்த்தி ஒரு சட்ட நபர். சொத்து வைத்துக்கொள்ளலாம், வழக்குப் போடலாம், வழக்கில் எதிர்வாதியாகவும் நிற்கலாம். மயிலாப்பூர் கபாலீசுவரரும் திருவல்லிக்கேணி பார்த்தசாரதிப் பெருமாளும் ஒரே துறையின் மேற்பார்வையில் இருக்கலாம். ஆனால் ஒருவருடைய நிலமும் உண்டியலும் இன்னொருவருக்குச் சொந்தமாகா. ஒரு கோயிலின் உபரி நிதியை வேறு அறப்பணிக்குச் செலவிட வேண்டுமானால் 36-ஆவது பிரிவின்படி ஆணையரின் முன் அனுமதி வேண்டும் என்று சட்டம் வரையறுத்திருப்பதே, ஒவ்வொரு கோயிலும் தனித்தனி நிறுவனம் என்பதற்குப் போதுமான சான்று. அப்படியிருக்க, ஒரு கோயிலின் அர்ச்சகரை இன்னொரு கோயிலுக்கு அனுப்புவது என்பது ஒரே அலுவலகத்தின் ஒரு கிளையிலிருந்து மறு கிளைக்கு அனுப்புவதைப் போன்றதன்று. எசமானரையே மாற்றுவது அது.

எசமானரை மாற்றுவதில் நீதிமன்றங்கள் எவ்வளவு கண்டிப்பாக இருந்திருக்கின்றன என்பதற்கு இரண்டு பழைய தீர்ப்புகள் போதும். இரண்டுமே கோயிலோடு தொடர்பில்லாதவை என்பதால் அர்ச்சகர் வழக்குகளில் போதுமான அளவு எடுத்தாளப்படுவதில்லை என்பது என் எண்ணம். குந்தன் சர்க்கரை ஆலை வழக்கில், உத்தரப் பிரதேசத்தில் அம்ரோஹா ஆலையின் தொழிலாளர்களை அதே உரிமையாளர்கள் பின்னர் வாங்கிய புலந்த்சகர் ஆலைக்கு மாற்றினார்கள். உரிமையாளர் ஒருவரே என்றாலும், பணியில் சேர்ந்தபோது இல்லாத வேறொரு நிறுவனத்துக்கு மாற்றும் உரிமை வேலை ஒப்பந்தத்தில் தானாகவே அடங்கியிருப்பதாகக் கொள்ள முடியாது என்று 1960-இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அடுத்தது 1989-ஆம் ஆண்டின் ஜவாஹர்லால் நேரு பல்கலைக்கழக வழக்கு. அந்தப் பல்கலைக்கழகம் இம்பாலில் நடத்திவந்த மையம் மணிப்பூர் பல்கலைக்கழகத்துக்கு மாற்றப்பட்டபோது, அதில் பணியாற்றிய ஆசிரியரும் புதிய பல்கலைக்கழகத்தின் பணியாளராகிவிட்டார் என்று சொல்லப்பட்டது. அவருடைய சம்மதம் இல்லாமல் அவரை வேறொரு பணியமர்த்துநரிடம் ஒப்படைக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆலைத் தொழிலாளிக்கும் ஆசிரியருக்கும் பொருந்தும் இந்த நியாயம் அர்ச்சகருக்கு மட்டும் பொருந்தாது என்று சொல்லக் காரணம் எதுவும் தெரியவில்லை.

இதற்குத் துறை தரக்கூடிய வலுவான பதில், விதி. சட்டத்தின் 116-ஆவது பிரிவு அரசுக்கு விதி வகுக்கும் அதிகாரத்தைத் தருகிறது. கோயில் பணியாளர்களின் பணி நிபந்தனைகளுக்கான விதிகள் 2020-இல் புதிதாக வெளியிடப்பட்டன. ஒரு கோயிலின் பணியாளரை இன்னொரு கோயிலுக்கு மாற்றலாம் என்று ஒரு விதி தெளிவாகச் சொல்லி, அர்ச்சகரின் நியமன ஆணையிலும் அந்த நிபந்தனை எழுதப்பட்டு, அவரும் அதை ஏற்றுக் கையெழுத்திட்டுப் பணியில் சேர்ந்திருந்தால், முதலாளி யார் என்ற வாதம் அவ்வளவு தூரம் செல்லாது. ஆனால் அத்தகைய நிபந்தனை ஏதுமின்றி, ஒரு குறிப்பிட்ட கோயிலின் அர்ச்சகராகப் பல ஆண்டுகளுக்கு முன் சேர்ந்தவருடைய நிலை வேறு. அதனால் இப்படிப்பட்ட வழக்கை எடுக்கும் வழக்கறிஞர் முதலில் கையில் எடுக்க வேண்டிய தாள் ஆகம நூலின் பக்கமன்று, நியமன ஆணை. அதில் அர்ச்சகர் எந்தக் கோயிலுக்கு, யாரால், என்ன நிபந்தனையோடு நியமிக்கப்பட்டார் என்பதைப் பார்த்துவிட்டுத்தான் மற்றது.

ஆணையில் கையெழுத்திட்டவர் யார் என்பதையும் பார்க்க வேண்டும். அறங்காவலர் குழு இல்லாத கோயில்களில் தக்கார் அந்த இடத்தில் இருக்கிறார். செயல் அலுவலர் அன்றாட நிர்வாகத்தை நடத்துகிறார். மேலே உதவி ஆணையர், இணை ஆணையர், ஆணையர் என்று படிகள் செல்கின்றன. அறங்காவலருக்கு உரிய அதிகாரத்தைச் செயல் அலுவலர் தம் கையில் எடுத்துக்கொண்டால், அல்லது மேலதிகாரியின் வாய்மொழிச் சொல்லை நிறைவேற்றுவதற்காக மட்டுமே அறங்காவலர் கையெழுத்திட்டால், ஆணையின் உள்ளடக்கத்துக்குப் போகாமலேயே அதைக் கேள்விக்கு உட்படுத்த முடியும்.

தண்டனையாக வரும் மாறுதல் தனி வகை. சட்டத்தின் 56-ஆவது பிரிவு, நம்பிக்கை மோசடி, கீழ்ப்படியாமை, கடமையில் அசட்டை போன்ற காரணங்களுக்காக அறங்காவலர் ஒரு பணியாளரை அபராதம் விதித்தோ, தற்காலிகப் பணிநீக்கம் செய்தோ, பணியிலிருந்து விலக்கியோ, பணியறவு செய்தோ தண்டிக்கலாம் என்கிறது. தண்டிக்கப்பட்டவர் ஒரு மாதத்துக்குள் மேல்முறையீடு செய்யவும் வழி வைத்திருக்கிறது. இந்தப் பட்டியலில் இடமாறுதல் இல்லை. ஆகவே ஓர் அர்ச்சகர்மீது புகார் வந்து, அதை விசாரிக்காமல், குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுக்காமல், அவரைத் தொலைதூரக் கோயிலுக்கு அனுப்பிவிட்டு, அது தண்டனையே அல்ல என்று சொல்வது சட்டம் கொடுத்த நடைமுறையையும் மேல்முறையீட்டு உரிமையையும் சுற்றிக்கொண்டு போவதாகும். மொட்டைக் கடிதம் ஒன்றை வைத்து ஓர் அதிகாரியை போபாலிலிருந்து ஷில்லாங்குக்கு மாற்றிய ஆணையை 2008-இல் பரிசீலித்த உச்ச நீதிமன்றம், தண்டனைக்கு மாற்றாகப் பயன்படுத்தப்படும் இடமாறுதல் சட்டத்தின் பார்வையில் கெட்ட எண்ணமுடையதே என்று கூறியது. அதற்கும் முன்பு, தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்து வேறு பதவிக்கு மாற்றப்பட்ட ஈ.பி. ராயப்பா தொடுத்த வழக்கில், தன்னிச்சையான செயல் சமத்துவத்துக்கு எதிரானது என்ற கொள்கை 1974-இல் முதன்முதலாகத் தெளிவாகச் சொல்லப்பட்டது. ராயப்பா அந்த வழக்கில் தோற்றார். ஆனால் அவர் வழக்கு தந்த அளவுகோல் இன்றைக்கும் ஒவ்வொரு மாறுதல் ஆணையின் மேலும் வைக்கப்படுகிறது.

ஒரே கோயிலுக்குள் நடக்கும் மாறுதல் வெளியில் அதிகம் பேசப்படாவிட்டாலும், அர்ச்சகர் குடும்பங்களில் மிகுந்த மனக்கசப்பை உண்டாக்குவது அதுதான். மூலவர் சந்நிதியில் முறை பார்த்தவரை உபசந்நிதிக்கோ, மலைக்கோயிலில் இருந்தவரை அடிவாரத்து உபகோயிலுக்கோ அனுப்பும்போது எசமானர் மாறவில்லை, சம்பளமும் மாறவில்லை. ஆனால் தட்டுக் காசு மாறிவிடுகிறது. பல கோயில்களில் அர்ச்சகரின் சம்பளம் மிகக் குறைவு. அவருடைய வீட்டில் அடுப்பு எரிவது பக்தர்கள் தட்டில் போடும் காணிக்கையால்தான் என்பது ஊரறிந்தது. 2025 பிப்ரவரியில் மதுரை நேதாஜி சாலை பாலதண்டாயுதபாணி சுவாமி கோயிலில் தட்டுக் காணிக்கையை உண்டியலில் சேர்க்கச் சொல்லிச் சுற்றறிக்கை வந்ததும், எதிர்ப்பு எழுந்ததால் அது உடனே திரும்பப் பெறப்பட்டதும், அந்தக் காசு எத்தனை பேருடைய வாழ்வோடு பின்னியிருக்கிறது என்பதைக் காட்டின. சந்நிதி மாற்றத்தை நிர்வாக ஏற்பாடு என்று மட்டும் பார்க்கும் நீதிமன்றம் இந்த வருமான இழப்பைக் கவனிக்காமல் விட வாய்ப்புண்டு. மரியாதை, ஊதியம், வரும்படி ஆகியவற்றில் வழக்காற்றின்படி ஒருவருக்கு உரிமை உண்டா என்ற தகராறை விசாரிக்கும் அதிகாரம் 63-ஆவது பிரிவின்கீழ் இணை ஆணையருக்கு உண்டு. முறை வைத்துப் பூசை செய்யும் கோயில்களில் இந்த வழியைப் பயன்படுத்தாமல் நேரே ரிட் மனுவுக்குப் போனால், மாற்றுத் தீர்வு இருக்கிறதே என்ற காரணத்தால் மனு திருப்பி அனுப்பப்படக்கூடும். உரிமையியல் நீதிமன்றத்தின் கதவையும் 108-ஆவது பிரிவு பெரும்பாலும் அடைத்துவைத்திருக்கிறது.

இனி ஆகமம். சேஷம்மாள் தீர்ப்பின் ஒரு பாதி அர்ச்சகரை ஊழியராக்கியது என்றால், மறுபாதி அவரைச் சாதாரண ஊழியரிடமிருந்து பிரித்தும் வைத்தது. ஆகமத்தால் அனுமதிக்கப்படாத ஒருவர் தொடுவதால் திருமேனி தூய்மை கெடும் என்று நம்பப்படும் கோயிலில், அரசின் செயல் அத்தகைய தொடுதலுக்கு வழிவிட்டால், அது பக்தரின் சமய நம்பிக்கையில் கடுமையாகக் குறுக்கிடுவதாகும் என்றும் அதே தீர்ப்பு சொன்னது. 2015 டிசம்பர் 16 அன்று ஆதிசைவ சிவாச்சாரியார்கள் நலச் சங்கத்தின் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதையே தொடர்ந்தது: நியமனம் ஆகமத்துக்கு ஒத்து இருக்க வேண்டும், ஒவ்வொரு கோயிலையும் தனித்தனியே பார்க்க வேண்டும்.

இடமாறுதலோடு இதைச் சேர்த்துப் பார்த்தால்தான் விஷயத்தின் நடுப்புள்ளி புலப்படும். மாறுதல் ஆணை ஒரு தாளில் வந்தாலும் அதில் இரண்டு செயல்கள் இருக்கின்றன. ஓர் அர்ச்சகரை ஒரு கோயிலிலிருந்து எடுப்பது ஒன்று. இன்னொரு கோயிலின் கருவறைக்குள் வைப்பது மற்றொன்று. போய்ச்சேரும் கோயிலின் பக்கத்திலிருந்து பார்த்தால் அது இடமாறுதலே அன்று, புதிய நியமனம். நியமனத்துக்கு ஆகமம் என்னென்ன தகுதிகளை விதிக்கிறதோ அவை அனைத்தும் மாறுதலில் வருபவருக்கும் வேண்டும். நேரே நியமித்தால் செல்லாதது, இடமாறுதல் என்ற பெயரில் செல்லுபடியாகிவிட முடியாது.

இந்த வேறுபாடுகள் எவ்வளவு நுணுக்கமானவை என்பதை வெளியிலிருந்து பார்ப்பவர் எளிதில் உணர்வதில்லை. திருப்பதி தேவஸ்தானம் ஒரே நிர்வாகம். ஆனால் திருமலையில் வைகானச ஆகமம், மலையின் கீழே திருச்சானூர் பத்மாவதி தாயார் கோயிலில் மற்றொரு வைணவ ஆகமமான பாஞ்சராத்திரம். திருச்செந்தூரில் ஒரே மதில் சுவருக்குள் மூலவரான சுப்பிரமணிய சுவாமிக்குப் போற்றிமார் என்ற பூசகர் மரபினர் பூசை செய்கிறார்கள், சண்முகருக்குச் சிவாச்சாரியார்கள் செய்கிறார்கள். சுசீந்திரம் தாணுமாலயன் கோயிலில் நடப்பது பழைய திருவிதாங்கூர் நாட்டிலிருந்து வந்த தந்திர முறை வழிபாடு. தஞ்சாவூர்ப் பக்கத்துச் சிவன் கோயிலில் காமிக ஆகமப்படி பூசை செய்துவந்த ஒரு குருக்களை அங்கே மாற்றினால், அவர் எவ்வளவு படித்தவராக இருந்தாலும், அந்தக் கோயிலின் பூசை அவருக்குத் தெரியாது. இவற்றையெல்லாம் "அர்ச்சகர்" என்ற ஒரே பதவிப் பெயரின்கீழ் ஒரே பதிவேட்டில் எழுதிவிட்டு, காலியிடம் இருக்கும் இடத்துக்கு ஆளை நகர்த்துவது எழுத்து வேலையைச் சுலபமாக்கும்; வழிபாட்டைக் குலைக்கும். சட்டத்தின் 28-ஆவது பிரிவு, கோயிலை அதன் வழக்காற்றின்படி நிர்வகிக்கும் கடமையை அறங்காவலர்மேல் சுமத்தியிருக்கிறது என்பதையும் இங்கே நினைவில் வைக்க வேண்டும்.

ஆகம வாதத்தை எடுத்துக்கொள்ளும்போது ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுவது நல்லது. பூசை முறை தெரியாதவரை அனுப்பாதீர்கள் என்பது ஒரு வாதம். இந்தச் சாதியில் பிறக்காதவரை அனுப்பாதீர்கள் என்பது வேறு வாதம். முதலாவதற்குச் சட்டத்தில் உறுதியான இடம் உண்டு. இரண்டாவது, சமத்துவத்தையும் தீண்டாமை ஒழிப்பையும் அடித்தளமாகக் கொண்ட அரசியலமைப்பின் முன் நிற்க வேண்டிய வாதம். கேரளத்தில் பிராமணரல்லாத ஈழவர் ஒருவரைச் சாந்தியாக, அதாவது கோயில் பூசகராக, நியமித்ததை எதிர்த்த வழக்கில், தகுதியும் பயிற்சியும் உள்ளவர் எந்தச் சாதியினராயினும் பூசை செய்யலாம் என்று 2002-இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தமிழ்நாட்டில் 2021 ஆகஸ்டில் அனைத்துச் சாதியினரிலிருந்தும் பயிற்சி பெற்ற அர்ச்சகர்கள் நியமிக்கப்பட்டார்கள். 2020-ஆம் ஆண்டு விதிகளை எதிர்த்த வழக்கில், அவை செல்லும், ஆனால் ஆகமக் கோயில்களின் அர்ச்சகர் நியமனத்துக்குப் பொருந்தா என்று 2022 ஆகஸ்ட் 22 அன்று உயர் நீதிமன்றம் கூறி, எவை ஆகமக் கோயில்கள் எனக் கண்டறிய ஓய்வுபெற்ற நீதிபதி எம். சொக்கலிங்கம் தலைமையில் ஒரு குழுவையும் அமைத்தது. சேலம் சுகவனேசுவரர் கோயில் வழக்கில் 2023 ஜூனில், ஆகமத்தில் தேர்ந்தவர் என்பதே தகுதி, பிறப்பு அன்று என்று தனி நீதிபதி தீர்ப்பளித்தார். அதே ஆண்டு செப்டம்பரில், ஆகமக் கோயில்களின் அர்ச்சகர் நியமனத்தில் அப்போதைய நிலை அப்படியே தொடர வேண்டும் என உச்ச நீதிமன்றம் இடைக்கால ஆணை பிறப்பித்தது. நியமனமே இவ்வளவு வழக்குகளுக்கு உட்பட்டிருக்கும்போது, மாறுதல் மூலம் ஒரு காலியிடத்தை உண்டாக்குவதும், மாறுதல் மூலம் ஒரு காலியிடத்தை நிரப்புவதும் அந்த ஆணைகளைச் சுற்றிப் போகும் பாதையாகிவிடக் கூடாது. இந்தக் கவலை பரம்பரைக் குருக்களுக்கு மட்டும் உரியதன்று. பல ஆண்டுப் போராட்டத்துக்குப் பின் கருவறைக்குள் நுழைந்திருக்கும் புதிய அர்ச்சகரையும், உள்ளூர் எதிர்ப்புக்குப் பணிந்து "நிர்வாக நலன் கருதி" வேறெங்கோ அனுப்பிவிட முடியும் என்றால், அவருக்குக் கிடைத்த நியமனத்துக்குப் பொருளே இல்லாமல் போகும்.

கேரளத்தில் இடமாறுதல் ஏன் இவ்வளவு பெரிய தகராறாவதில்லை என்பது கவனிக்கத்தக்கது. திருவிதாங்கூர் தேவஸ்வம் வாரியம் ஆயிரத்துக்கும் மேற்பட்ட கோயில்களைத் தன் நேரடி நிர்வாகத்தில் வைத்திருக்கிறது. அங்கே சாந்திகள் வாரியத்தின் பணியாளர்கள். ஒரு கோயிலிலிருந்து இன்னொன்றுக்கு மாறினாலும் எசமானர் மாறுவதில்லை. பரம்பரைப் பூசை உரிமையான காராண்மை உள்ள கோயில்கள் மட்டும் இந்த வரிசைக்கு வெளியே நிற்கின்றன. அதைவிட முக்கியமானது, அங்கே தந்திரி வேறு, சாந்தி வேறு. கோயிலின் பூசை முறையைக் காப்பவர் தந்திரி, அவர் மாறுவதில்லை. அன்றாடப் பூசையைச் செய்யும் மேல்சாந்தி சபரிமலையில் ஓராண்டுக்கும் குருவாயூரில் ஆறு மாதத்துக்கும் மட்டுமே இருந்துவிட்டுப் போனாலும் வழிபாட்டின் தொடர்ச்சி அறுபடுவதில்லை. தமிழ்நாட்டுக் கோயில்களில் அந்த இரண்டு பொறுப்புகளும் பெரும்பாலும் ஒரே குருக்கள் குடும்பத்திடம் சேர்ந்திருக்கின்றன. கேரளத்தைப் பார், அங்கே மாற்றுகிறார்களே என்று சொல்பவர்கள் இந்த வேறுபாட்டையும் சொல்ல வேண்டும்.

நடைமுறையில் வழக்குத் தொடுக்கும் அர்ச்சகர் செய்யக்கூடிய பெரிய பிழை, புதிய இடத்தில் சேராமல் இருப்பது. மாறுதல் ஆணைக்கு எதிராக மனுக் கொடுத்திருப்பதாலேயே அந்த ஆணை நின்றுவிடாது. தடை வாங்காமல் பணியில் சேர மறுத்தால் அதுவே ஒழுங்கு நடவடிக்கைக்குக் காரணமாகும் என்று குஜராத் மின்வாரிய வழக்கில் 1989-இல் உச்ச நீதிமன்றம் தீர்மானித்தது. கோயில் பணியில் இது இன்னும் ஆபத்தானது. மாறுதல் தண்டனையா இல்லையா என்று வாதாடிக்கொண்டிருக்கும்போதே, கீழ்ப்படியாமை என்ற பெயரில் 56-ஆவது பிரிவின் உண்மையான தண்டனை வந்து சேர்ந்துவிடும். ஆகவே இடைக்காலத் தடை கிடைக்கும் வரை சேர்ந்துகொண்டு, உரிமையை விட்டுக்கொடுக்கவில்லை என்று எழுத்தில் பதிவு செய்வதே பாதுகாப்பு.

இந்த வழிகளெல்லாம் வழக்கு நடத்த வசதியுள்ளவர்களுக்கு. கிராமத்தில் ஒரு கால பூசைத் திட்டத்தில் இருக்கும் கோயிலின் அர்ச்சகருக்கு 2021-இல் அறிவிக்கப்பட்ட ஊக்கத்தொகை மாதம் 1000 ரூபாய். அவரிடம் ஒரு மாறுதல் ஆணை வந்தால், சென்னைக்கோ மதுரைக்கோ ஒருமுறை போய்வரும் செலவே அவரால் தாங்க முடியாதது. அவர் போய்விட்டால் அந்தக் கோயிலில் விளக்கேற்ற வேறு ஆள் இருப்பதில்லை. பக்கத்து ஊர் அர்ச்சகர் சைக்கிளில் வந்து பூட்டைத் திறந்து பூசை செய்துவிட்டுப் போகிறார். மாறுதல் ஆணை பெற்ற அர்ச்சகருக்குச் சட்டத்தில் உள்ள செலவு குறைந்த வழி, ஆணை கீழ்நிலை அதிகாரியிடமிருந்தோ அறங்காவலரிடமிருந்தோ வந்திருந்தால் 21-ஆவது பிரிவின்கீழ் ஆணையரிடமும், ஆணையரே பிறப்பித்திருந்தால் 114-ஆவது பிரிவின்கீழ் அரசிடமும் சீராய்வு கேட்பது. இதற்கு வழக்கறிஞர் கட்டணம் தேவையில்லை, ஒரு மனு போதும். நியமன ஆணையின் நகல், அந்தக் கோயிலின் பூசை முறை, அவர் போனால் பூசைக்கு வேறு யார் இருக்கிறார் என்ற விவரம், இந்த மூன்றையும் அந்த மனுவோடு இணைத்துவிட்டால், பின்னால் வழக்கு உயர் நீதிமன்றத்துக்குச் சென்றாலும் கேட்கப்படும் முதல் மூன்று கேள்விகளுக்கு விடை அந்தக் கோப்பிலேயே இருக்கும்.